சேத்துப்பட்டு சொன்னதும் நாடு கேட்டுக்கொண்டதும்

சென்னைக் கடற்கரையிலிருந்து செங்கல்பட்டு நோக்கிப் போகும் மின்ரயில் குரோம்பேட்டையைத் தாண்டியதும் ‘தாம்பரம் சானடோரியம்’ என்ற நிலையத்தில் நிற்கும். தினமும் ஏறி இறங்குகிறவர்களில் பலருக்கு அது வெறும் ஊர்ப்பெயர். 1928இல் டேவிட் சௌரி முத்து என்ற மருத்துவர் அங்கே காசநோயாளிகளுக்கென்று ஒரு விடுதியைத் திறந்தார். அதற்கு முன்பு அவர் இங்கிலாந்தில் சாமர்செட் பக்கம் மெண்டிப் ஹில்ஸ் சானடோரியத்தை நடத்தியவர். கணித மேதை ராமானுஜன் 1917இல் நோயுற்றபோது சில காலம் தங்கியிருந்ததும் அங்கேதான். (அவருக்கு வந்தது காசநோய்தானா, கல்லீரலைத் தாக்கும் அமீபா நோயா என்று பிற்காலத்தில் கேள்வி எழுந்தது வேறு கதை.) சௌரி முத்து கொண்டுவந்த முறையின் வேர் ஜெர்மனியில் இருந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுவில் சைலீஷியா மலைப்பகுதியில் ஹெர்மன் பிரெமர் தொடங்கிவைத்த முறை அது. ஊருக்கு வெளியே, மரங்களுக்கு நடுவே, காற்று தாராளமாக வரும் கூடத்தில் நோயாளியை மாதக்கணக்கில் படுக்கவைத்து, நல்ல சாப்பாடு கொடுத்து, வேலை எதையும் தொடவிடாமல் பார்த்துக்கொள்வார்கள். இன்று இதைக் கேட்டுச் சிரிப்பது எளிது. ஆனால் கிருமியைக் கொல்ல மருந்தே இல்லாத காலத்தில் உடம்பைத் தேற்றி, அதன் போக்கில் போராட விடுவதைத் தவிர மருத்துவரின் கையில் வேறொன்றும் இல்லை. தொற்றுள்ளவரை வீட்டிலிருந்து பிரித்துவைப்பதிலும் நியாயம் இருந்தது.

இந்தக் கொள்கையின் சிக்கல் கணக்கில்தான் தெரிந்தது. 1946இல் வெளியான, போர் (Bhore) என்பவர் தலைமையிலான சுகாதாரக் குழுவின் அறிக்கையின்படி இந்தியாவில் சுமார் 25 லட்சம் காசநோயாளிகள் இருந்தார்கள். ஆண்டுக்கு ஏறத்தாழ 5 லட்சம் பேர் செத்துக்கொண்டிருந்தார்கள். நாடு முழுவதும் இருந்த படுக்கைகள் சுமார் 6,000. ஒவ்வொரு படுக்கையிலும் ஆண்டுக்கு ஒருவர் என்று வைத்தாலும், அன்று நோயோடு இருந்தவர்களை மட்டும் பார்த்து முடிக்கவே நானூறு ஆண்டு ஆகும். படுக்கைகளைப் பத்து மடங்காகப் பெருக்கியிருந்தாலும் நாற்பது ஆண்டு. மதனப்பள்ளி சானடோரியத்தில் நீண்ட காலம் பணியாற்றி, பிறகு மைய அரசின் காசநோய் ஆலோசகரான டாக்டர் பி.வி. பெஞ்சமின் போன்றவர்களுக்கு இந்தக் கணக்கு நன்றாகவே தெரியும். அவர்கள் முன்னிருந்த கேள்வி, படுக்கைகளை எங்கே கட்டுவது என்பதிலிருந்து, படுக்கை இல்லாமல் காரியம் நடக்குமா என்பதற்கு மெல்ல மாறியது. அப்படி மாற இடம் கொடுத்தவை அந்தப் பத்தாண்டுகளில் வந்த மூன்று மருந்துகள்.

முதலில் வந்தது ஸ்ட்ரெப்டோமைசின். 1943இல் அமெரிக்காவின் ரட்கர்ஸ் பல்கலைக்கழகத்தில் செல்மன் வாக்ஸ்மனின் ஆய்வுக்கூடத்தில் ஆல்பர்ட் ஷாட்ஸ் அதைக் கண்டெடுத்தார். போர் முடிந்த பிரிட்டனில் அது மிகக் குறைவாகவே கிடைத்தது. அந்தப் பற்றாக்குறையையே வசதியாக்கி, பிரிட்டிஷ் மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் 107 நோயாளிகளைக் குலுக்கல் முறையில் பிரித்தது: 55 பேருக்கு மருந்து, 52 பேருக்குப் படுக்கை ஓய்வு மட்டும். ஆறு மாதத்தில் மருந்து பெற்றவர்களில் 4 பேரும், ஓய்வு மட்டும் பெற்றவர்களில் 14 பேரும் இறந்திருந்தனர். 1948இல் வெளியான இந்த முடிவை மருத்துவ உலகம் கொண்டாடியது. ஆனால் மருந்து பெற்ற பலருக்கு நோய் திரும்பவும் தலைதூக்கியது. இம்முறை கிருமிகள் ஸ்ட்ரெப்டோமைசினுக்கு அசைந்துகொடுக்கவில்லை. காரணம் நுரையீரலில் விழும் குழிக்குள் இருந்தது. காற்றோட்டமுள்ள அந்தக் குழியில் கோடிக்கணக்கான கிருமிகள் பெருகும். லட்சக்கணக்கில் ஒன்று பிறவியிலேயே மருந்துக்கு மசியாததாக இருக்கும். மருந்து மற்றவற்றைக் கொல்லும்போது அந்த ஒன்றுக்கு இடம் காலியாகிறது. சில வாரங்களில் குழி முழுக்க அதன் வாரிசுகள். ஒரே கிருமி இரண்டு மருந்துகளுக்கும் ஒருசேர மசியாமல் இருப்பதோ மிகமிக அரிது. ஆகவே இரண்டு மருந்துகளைச் சேர்த்தே கொடுக்க வேண்டும். ஸ்வீடனில் யோர்கன் லேமன் கண்ட பாஸ் மருந்து அந்தத் துணைக்கு வந்தது. 1952இல் ஐசோனியாசிட் வந்தது. அது 1912லேயே பிராகில் தயாரிக்கப்பட்டு, பயன் தெரியாமல் கிடப்பில் போடப்பட்ட வேதிப்பொருள். நாற்பது ஆண்டுக்கு முன்பே அறியப்பட்ட பொருள் என்பதால் அதன்மேல் யாரும் காப்புரிமை கொண்டாட முடியவில்லை. ஏழை நாடுகளுக்கு அது பெரிய கொடை.

மாத்திரையாக விழுங்கலாம், விலையும் மலிவு. அப்படியென்றால் நோயாளி ஏன் சானடோரியத்தில் படுத்துக் கிடக்க வேண்டும்? இதற்கு விடை காணத்தான் 1956இல் சென்னை சேத்துப்பட்டில் காசநோய் மருந்துச் சிகிச்சை மையம் தொடங்கப்பட்டது. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம், மதராஸ் மாநில அரசு, உலக சுகாதார நிறுவனம், பிரிட்டிஷ் மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் நான்கும் கைகோத்தன. லண்டனிலிருந்து வாலஸ் ஃபாக்ஸ் என்ற மருத்துவர் வந்து தலைமையேற்றார். சளியில் கிருமி உறுதியான சென்னை நகரவாசிகள் 193 பேரைக் குலுக்கல் முறையில் இரண்டு தொகுதியாகப் பிரித்தார்கள். ஒரு தொகுதிக்குச் சானடோரியம், மற்றதற்கு அவரவர் வீடு. மருந்து இரண்டு தொகுதிக்கும் ஒன்றேதான்: ஐசோனியாசிடும் பாஸும், ஓராண்டுக்கு. இப்படிப் பிரித்ததில் ஒரு நுட்பம் உண்டு. மருந்து வேலை செய்கிறதா என்பது இங்கே கேள்வியே இல்லை. மருந்தைச் சமமாக வைத்துவிட்டு, ஓய்வு, சாப்பாடு, காற்று, செவிலியர் கவனிப்பு ஆகிய நான்கும் சேர்ந்த பழைய சிகிச்சைக்குக் கூடுதல் பலன் ஏதும் உண்டா என்று மட்டும் கேட்டார்கள்.

1959இல் வந்த விடை அதுவரை மருத்துவர்கள் நம்பியதற்கு நேர்மாறாக இருந்தது. ஓராண்டு முடிவில் வீட்டுத் தொகுதியில் 86 விழுக்காட்டினருக்கும் சானடோரியத் தொகுதியில் 92 விழுக்காட்டினருக்கும் நோய் அடங்கியிருந்தது. அந்தச் சிறு வேறுபாட்டைப் பெரிதாக எடுத்துக்கொள்ளப் புள்ளியியலில் இடமில்லை. இத்தனைக்கும் வீட்டில் இருந்தவர்கள் நெருக்கடியான ஒண்டுக்குடித்தனங்களில் வசித்தார்கள். சானடோரியத்தில் இருந்தவர்களைவிட மோசமான சாப்பாடு சாப்பிட்டார்கள். அதிக நேரம் நடமாடினார்கள், வேலை பார்த்தார்கள். சானடோரியத்தில் இருந்தவர்கள் எடை கூடினார்கள். ஆனால் கிருமி மறைந்த வேகத்தில் அந்த எடை பெரிய மாற்றம் எதையும் செய்யவில்லை. வீட்டில் வைத்தால் குடும்பமே தொற்றிக்கொள்ளும் என்ற அச்சத்தையும் விடாமல் சோதித்தார்கள். இரு தொகுதிக் குடும்பங்களையும் ஐந்தாண்டு வரை தொடர்ந்து பார்த்ததில், நோயாளியைப் பிரித்துவைத்த குடும்பங்களில் புதிய நோயாளிகள் குறையவில்லை. வீட்டாருக்குத் தொற்ற வேண்டியது நோய் கண்டுபிடிக்கப்படுவதற்கு முன்னரே பெரும்பாலும் தொற்றிவிடுகிறது. மருந்து தொடங்கியபின் இருமலில் வரும் ஆபத்து விரைவாகக் குறைகிறது. உலகெங்கும் சானடோரியங்களை மூட வைத்த ஆய்வு என்று இதை மருத்துவ வரலாற்று நூல்கள் பெருமையோடு குறிப்பிடுகின்றன. அந்தப் பெருமை நியாயமானது. ஆனால் இந்த முடிவுக்கு இரண்டு பாதிகள் உண்டு. செலவு குறைந்த பாதியை மட்டும் நாடு காதில் வாங்கிக்கொண்டது என்பதே நான் சொல்ல வருவது.

இரண்டாம் பாதி, ஆய்வு நடந்த விதத்தில் இருக்கிறது. பாஸ் ஒரு நாளைக்கு ஏறத்தாழ பத்து கிராம். தூளை மெல்லிய மாவுத்தாளில் பொதிந்த பெரிய வில்லைகளாக அதைக் கொடுத்தார்கள். நாளுக்கு ஒரு கைப்பிடி என்று சொல்லும் அளவு. விழுங்கினால் வயிற்றைப் புரட்டும், வயிற்றுப்போக்கு வரும். இரண்டு மாதத்தில் இருமல் நின்று, உடம்பு தெம்பாகி, வேலைக்குப் போகத் தொடங்கிய ஒருவர் இதை இன்னும் பத்து மாதம் விடாமல் சாப்பிடுவார் என்று எதை நம்பிச் சொல்வது? ஃபாக்ஸ் அப்படி நம்பவில்லை. மையத்தின் பணியாளர்கள் முன்னறிவிப்பில்லாமல் வீட்டுக் கதவைத் தட்டினார்கள். மீதமிருக்கும் வில்லைகளை எண்ணினார்கள். சிறுநீர் வாங்கிப் போனார்கள். பாஸ் உள்ளே போயிருந்தால் அந்தச் சிறுநீரில் ஃபெர்ரிக் குளோரைடு சில சொட்டு விட்டதும் நிறம் மாறும். மாறவில்லையென்றால் மருந்து வயிற்றுக்குள் போகவில்லை. மையத்துக்கு வராதவரைத் தேடிப் போனார்கள், குடும்பத்தாரோடு பேசினார்கள், மனம் சலித்தவரைத் திரும்ப அழைத்துவந்தார்கள். அந்த 86 விழுக்காட்டைச் சுவர்கள் இல்லாத ஒரு மருத்துவமனையின் உழைப்போடு சேர்த்துத்தான் படிக்க வேண்டும். ‘வீட்டில் சிகிச்சை’ என்ற பெயரில் வீடு மட்டும்தான் தெரிகிறது. அதன் வாசலில் வந்து நின்றவர்கள் தெரிவதில்லை. ஆய்வின் முதல் முடிவுகள் வருவதற்கு முன்பே, 1958இல், நோயாளி தானாக மருந்து சாப்பிடுவதில் உள்ள சிக்கலைப் பற்றி ஃபாக்ஸ் தனிக் கட்டுரையே எழுதினார். கண்டுபிடிப்பின் பலவீனம் எங்கே என்பது கண்டுபிடித்தவருக்கே தெரிந்திருந்தது.

அந்தப் பலவீனத்துக்கு விடையைச் சேத்துப்பட்டு மருந்தியலில் தேடியது. அறிவியல் நோக்கில் மையத்தின் மிகச் சுவையான பணிகள் இவைதான். ஐசோனியாசிடை இரண்டு வேளையாகப் பிரித்துக் கொடுப்பது அன்றைய வழக்கம். அதே அளவை ஒரே வேளையில் கொடுத்தபோது பலன் கூடியது. ரத்தத்தில் மருந்து நாள் முழுக்க மட்டாக இருப்பதைவிட, ஒருமுறை உச்சிக்குப் போய்த் திரும்புவது கிருமியை அதிகம் தாக்குகிறது. கல்லீரலில் உள்ள ஒரு நொதி ஐசோனியாசிடைச் செயலிழக்கச் செய்கிறது. அது சிலருக்கு வேகமாகவும் சிலருக்கு மெதுவாகவும் வேலை செய்வது பிறப்பிலேயே தீர்மானமாகிறது. தென்னிந்தியர்களில் சுமார் 60 விழுக்காட்டினர் மெதுவான வகை. ஐசோனியாசிட் மட்டும் பெற்றவர்களில் இவர்களுக்குக் குணம் கூடுதலாகத் தெரிந்தது. கைகால் மதமதப்பும் எரிச்சலும் இவர்களைத்தான் அதிகம் வாட்டின. பைரிடாக்சின், அதாவது பி6 வைட்டமின், சிறிய அளவில் சேர்த்தாலே அந்த நரம்புக்கோளாறைத் தடுக்க முடிந்தது. ஒரே மருந்து ஆளுக்கு ஆள் ஏன் மாறுபடுகிறது என்ற ஆராய்ச்சி இன்று மரபணுச் சோதனைகள்வரை போயிருக்கிறது. அதன் தொடக்க கால அத்தியாயங்களில் ஒன்று சேத்துப்பட்டின் சிறுநீர்க் குப்பிகளில் எழுதப்பட்டது. அடுத்த கண்டுபிடிப்பு நடைமுறையையே மாற்றியது. காசநோய்க் கிருமி ஒரு முறை பிரிய ஏறத்தாழ ஒரு நாள் எடுத்துக்கொள்ளும். மருந்தின் அடி பட்டபின் திரும்ப வளரத் தொடங்க அதற்குப் பல நாள் ஆகும். அப்படியானால் தினமும் மருந்து தேவையா? 1964இல் வெளியான ஆய்வில், வாரம் இருமுறை மையத்துக்கு வந்து பணியாளர் கண்முன்னே ஸ்ட்ரெப்டோமைசின் ஊசியும் அதிக அளவு ஐசோனியாசிடும் எடுத்தவர்கள், தினமும் வீட்டில் விழுங்கியவர்களுக்குச் சற்றும் குறையாமல் தேறினார்கள். ஆண்டுக்கு முந்நூற்று அறுபத்தைந்து முறை கண்காணிப்பது நடக்காத காரியம். நூறு முறை நடக்கும். பின்னாளில் உலக சுகாதார நிறுவனம் ‘டாட்ஸ்’ என்று உலகெங்கும் பரப்பிய முறைக்கு வேர் இங்கேதான்.

இனி நாடு கேட்டுக்கொண்டதைப் பார்க்கலாம். 1959இல் பெங்களூரில் தேசியக் காசநோய் நிறுவனம் அமைந்தது. 1962இல் தேசியக் காசநோய்த் திட்டம் வந்தது. மாவட்டந்தோறும் ஒரு மையம், பொது மருத்துவமனைகளிலேயே சளிப் பரிசோதனை, மாதம் ஒருமுறை மாத்திரை வாங்கிப் போய் வீட்டில் சாப்பிடுவது. காகிதத்தில் நல்ல திட்டம்தான். பெங்களூர் நிறுவனத்தின் பானர்ஜியும் ஆண்டர்சனும் தும்கூர் மாவட்டத்தில் நடத்திய ஆய்வு, காசநோய் அறிகுறி உள்ளவர்களில் பாதிக்கு மேற்பட்டவர்கள் தாங்களாகவே ஏதோ ஒரு அரசு மருத்துவமனைக்குப் போயிருந்தார்கள் என்று காட்டியது. அங்கே அவர்களுக்குப் பெரும்பாலும் கிடைத்தது ஒரு புட்டி இருமல் மருந்து. மக்கள் அறியாமையால் வரவில்லை என்ற வழக்கமான பேச்சுக்கு இதைவிட நல்ல மறுப்பு கிடையாது. திட்டம் கழற்றிவிட்டது என்னவென்றால், கதவைத் தட்டும் ஆட்களை. சேத்துப்பட்டில் ஆய்வின் உயிர்நாடியாக இருந்த வீட்டுப் பார்வையும் சிறுநீர்ச் சோதனையும் வராதவரைத் தேடிப் போவதும் மாவட்ட மையங்களில் பெயரளவுக்கே இருந்தன. மருந்து அடிக்கடி தீர்ந்துபோனது. முப்பது ஆண்டு கழித்து, 1992இல் திட்டத்தை ஆராய்ந்தபோது, சிகிச்சை தொடங்கியவர்களில் அதை முழுமையாக முடித்தவர்கள் பாதிகூட இல்லை என்று தெரிந்தது. அரைகுறையாகச் சாப்பிட்டவர்களின் நுரையீரலில், 1948இல் லண்டன் பார்த்த அதே தெரிவு நடந்துகொண்டிருந்தது. மருந்துக்கு மசியாத கிருமிகள் பெருகின.

இதற்கு ஒரு வலுவான மறுப்பு உண்டு. லட்சக்கணக்கான நோயாளிகளின் வீட்டுக் கதவுகளை எல்லாம் தட்ட அன்றைய இந்தியாவுக்குச் சக்தி ஏது? பாதிப் பேர் மருந்தை முடித்தாலும் அது படுக்கைக்காகக் காத்திருந்து சாவதைவிட மேல் அல்லவா? மேல்தான்; மறுப்பதற்கில்லை. ஆனால் சானடோரியம் கட்ட வேண்டாம் என்றானதும் அந்தப் பணம் எங்கே போயிற்று என்று யாரும் கணக்குக் கேட்கவில்லை. ஒரு படுக்கையை ஆண்டு முழுக்கப் பராமரிக்கும் செலவில் ஒரு பணியாளர் எத்தனை வீடுகளுக்குப் போயிருக்கலாம் என்ற கேள்வி திட்டக் கோப்புகளில் இடம்பிடித்ததாகத் தெரியவில்லை. படுக்கையைக் கழித்தார்கள், அதற்கு ஈடாக வைக்க வேண்டியதை வைக்காமலே கணக்கை முடித்தார்கள். கண்முன்னே மருந்து கொடுக்கும் முறைக்கும் எதிர்ப்பு உண்டு: கூலிவேலைக்குப் போகிறவரை வாரத்தில் பல நாள் மையத்துக்கு அலையவைப்பதும், பெரியவர்களைச் சந்தேகத்தோடு நடத்துவதும் என்ன நியாயம் என்பது. அதில் உண்மை இருக்கிறது. இந்தியா பின்னர் ஏற்றுக்கொண்ட, வாரத்தில் சில நாள் மட்டும் மருந்து கொடுக்கும் இடைவெளி முறையை 2017இல் கைவிட்டுத் தினசரி மாத்திரைக்குத் திரும்பியும்விட்டது. ஆனால் இந்த எதிர்ப்பு கண்காணிப்பின் கடுமையைப் பற்றியது; தேடி வருபவர் வேண்டாம் என்று அதிலிருந்து பொருள் வராது.

இன்னொரு குற்றச்சாட்டு ஆய்வின் அறத்தைப் பற்றியது: ஏழைகளை வைத்து மலிவான வழியைச் சோதித்தார்கள் என்பது. பணக்கார நாட்டு நோயாளிக்குச் சானடோரியம், சென்னைக் குடிசைவாசிக்கு மாத்திரைப் பொட்டலம் என்று நடந்திருந்தால் இது சரியான குற்றச்சாட்டு. நடந்தது வேறு. ஆய்வுக்கு வெளியே இருந்தவர்களுக்குப் படுக்கையும் இல்லை, பெரும்பாலும் மருந்தும் இல்லை. லண்டனில் ஸ்ட்ரெப்டோமைசின் பற்றாக்குறை குலுக்கலை நியாயமாக்கியது போலச் சென்னையில் படுக்கைப் பற்றாக்குறை நியாயமாக்கியது. முடிவு வந்தபின் பிரிட்டனே தன் சானடோரியப் படுக்கைகளை அடுத்தடுத்து மூடியது. ஏழைகளிடம் கண்டறிந்ததைப் பணக்காரர்கள் ஏற்றுக்கொண்ட அரிதான தருணங்களில் இதுவும் ஒன்று.

என் பார்வையில், ஆய்வை நாடு மிகவும் தவறாகப் படித்தது சாப்பாட்டு விஷயத்தில்தான். மருந்து ஒழுங்காகப் போகும்போது, நல்ல சாப்பாடு கிருமி மறைவதை விரைவுபடுத்துகிறதா என்று சேத்துப்பட்டு கேட்டது. குறிப்பிடும்படி இல்லை என்று விடை பெற்றது. காசநோய்க்கும் பட்டினிக்கும் தொடர்பில்லை என்று அது எங்கும் சொல்லவில்லை. ஆனால் பல பத்தாண்டுகள் திட்டம் அப்படித்தான் நடந்துகொண்டது. மாத்திரை போதும், மற்றது குடும்பத்தின் பாடு. கிருமியை விழுங்கும் நம் நோயெதிர்ப்புச் செல்கள் அதை அடக்கிவைக்கின்றனவா, அதற்கே இடம் கொடுத்துத் தோற்கின்றனவா என்பதில் உடலின் ஊட்டநிலைக்குப் பெரிய பங்கு உண்டு. ஆகவே கேட்க வேண்டிய கேள்விகள் வேறு: பட்டினி கிடப்பவர் குடும்பத்தில் புதிதாக யாருக்கு நோய் வருகிறது? மெலிந்த நோயாளிகளில் யார் சாகிறார்? இந்தக் கேள்விகளை அனுராக் பார்கவா, மாதவி பார்கவா ஆகியோரின் குழு ஜார்க்கண்டில் கேட்டது. 2,800 நோயாளிகளுக்கும் மாதம் பத்து கிலோ உணவுப் பொட்டலம் கொடுத்தார்கள். அரிசி, பருப்பு, பால்பவுடர், எண்ணெய். குடும்பத்தாரில் ஒரு பிரிவுக்கு மட்டும் ஆளுக்கு மாதம் ஐந்து கிலோ அரிசியும் ஒன்றரைக் கிலோ பருப்பும் சேர்த்துக் கொடுத்தார்கள். 2023இல் வந்த முடிவின்படி அந்தக் குடும்பங்களில் புதிய காசநோய் 39 விழுக்காடு குறைந்தது; தொற்றும் வகை நுரையீரல் காசநோய் 48 விழுக்காடு குறைந்தது. முதல் இரண்டு மாதத்தில் எடை ஐந்து விழுக்காடு கூடிய நோயாளிகளிடம் இறப்பு ஆபத்து வெகுவாகக் குறைந்திருந்தது. இந்த ஆய்வில் பங்காளியாக இருந்தது, 2011இல் தேசியக் காசநோய் ஆராய்ச்சி நிறுவனம் என்று பெயர் மாறிய அதே சேத்துப்பட்டு மையம். 1959 முடிவை இது பொய்யாக்கவில்லை. அன்று கேட்காத கேள்விக்கு அறுபது ஆண்டு கழித்து வந்த விடை இது.

சானடோரியம் செய்துவந்த வேலைகளில் கிருமியைக் கொல்வதோடு தொடர்பில்லாதவையும் உண்டு. படுத்தபடுக்கையாக வந்தவரை முதல் சில வாரம் சாகாமல் காப்பது அவற்றில் ஒன்று. மருந்து தன் வேலையைச் செய்யுமுன்பே இறப்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள். 2022 ஏப்ரலில் தமிழ்நாடு அரசு, சென்னையிலுள்ள தேசியத் தொற்றுநோயியல் நிறுவனத்தோடு சேர்ந்து 30 மாவட்டங்களில் தொடங்கிய காசநோய் இறப்பில்லாத் திட்டம் இவர்களுக்கானது. நோய் உறுதியானவுடன் சுகாதாரப் பணியாளர் நோயாளியின் எடையையும் உயரத்தையும் அளக்கிறார், காலில் வீக்கம் உண்டா என்று பார்க்கிறார், மூச்சை எண்ணுகிறார், விரலில் கருவி மாட்டி ஆக்ஸிஜன் அளவைக் குறித்துக்கொள்கிறார், பிடிமானம் இல்லாமல் எழுந்து நிற்க முடிகிறதா என்று சோதிக்கிறார். எக்ஸ்ரேயும் ஆய்வுக்கூடமும் தேவைப்படாத ஐந்து சோதனைகள். இவற்றில் தேறாதவர் உடனே மருத்துவமனைப் படுக்கைக்குப் போகிறார். மற்றவர் மாத்திரையோடு வீட்டுக்குப் போகிறார். எல்லோருக்கும் படுக்கை என்பது 1928; யாருக்கும் வேண்டாம் என்பது 1959இலிருந்து நாடு எடுத்துக்கொண்ட பொருள். யாருக்கு வேண்டும் என்பதை வாசலில் வந்து பார்த்துச் சொல்ல ஓர் ஆளை வைக்க இவ்வளவு காலம் ஆகியிருக்கிறது.